துறைமுகத்தில் நிற்கும் ஆரஞ்சை நீதிமன்றம் மீட்டுத் தருமா?

உங்கள் கேள்வியை முதலில் என் வார்த்தைகளில் சொல்லிப் பார்க்கிறேன். எகிப்திலிருந்து உங்கள் மாமா தருவித்த ஆரஞ்சு, இரண்டு குளிர்சாதனப் பெட்டகங்களில் தூத்துக்குடி வந்து சேர்ந்திருக்கிறது. விலையைக் குறைத்துக் காட்டியிருப்பதாகச் சந்தேகித்துச் சுங்கத்துறை 6 நாட்களுக்கு முன் சரக்கைக் கைப்பற்றிவிட்டது. "நீதிமன்றத்துக்குப் போனால் விடுவித்துவிடுவார்களா? அழுகிப்போனால் அரசே நஷ்டஈடு தரும் என்கிறார்களே, உண்மையா?" என்று கேட்டிருக்கிறீர்கள். இதற்குள் இன்னொரு கேள்வி இருக்கிறது. பழம் கெடுவதற்குள் நீதிமன்றத்தால் எதையாவது செய்ய முடியுமா என்பதுதான் அது. விடுவிப்பார்களா என்றால் பெரும்பாலும் விடுவிப்பார்கள். காலத்துக்குள் விடுவிப்பார்களா என்பது, இந்த வாரம் உங்கள் மாமா எந்தத் தாளை எந்த அலுவலகத்தில் கொடுக்கிறார் என்பதைப் பொறுத்தது. நஷ்டஈட்டை நம்பி ஒருநாள்கூட உட்கார்ந்திருக்க வேண்டாம். அது ஏன் என்பதைப் பின்னால் சொல்கிறேன்.

நான் தூத்துக்குடியிலும் மதுரையிலும் 22 ஆண்டுகளாகச் சுங்க வழக்குகளை நடத்தி வருகிறேன். உங்கள் ஆவணங்கள் எதையும் பார்க்காமல் எழுதுகிறேன் என்பதை நினைவில் வைத்துப் படியுங்கள். பில் ஆஃப் என்ட்ரியில் (இறக்குமதியாளர் சரக்கையும் விலையையும் காட்டிச் சுங்கத்தில் தாக்கல் செய்யும் தாள்) என்ன எழுதியிருக்கிறது, மகஜரில் (கைப்பற்றும்போது சாட்சிகள் முன் அதிகாரி எழுதும் பதிவு) என்ன எழுதியிருக்கிறது என்பதில் ஒரு வரி மாறினாலும் பதில் மாறக்கூடும்.

முதலில் ஒரு சொல்லைச் சரிசெய்துகொள்ள வேண்டும். நம் செய்தித்தாள்கள் எல்லாவற்றையும் 'பறிமுதல்' என்றே எழுதுகின்றன. சட்டத்தில் இரண்டு தனித்தனி நிலைகள் உண்டு. சரக்கு பறிமுதலுக்கு உரியது என்று நம்பக் காரணம் இருந்தால், சுங்கச் சட்டத்தின் 110-ஆம் பிரிவின்படி அதிகாரி அதைக் கைப்பற்றுகிறார். அது காவலில் எடுத்து வைப்பது. உரிமை இன்னும் உங்களுடையது. விசாரித்து, நோட்டீஸ் கொடுத்து, உங்கள் விளக்கத்தைக் கேட்ட பிறகு பிறப்பிக்கும் உத்தரவால்தான் பறிமுதல் நடக்கிறது. அப்போதுதான் உரிமை அரசுக்குப் போகிறது. உங்கள் மாமாவின் ஆரஞ்சு இப்போது முதல் நிலையில் இருக்கிறது. நோட்டீஸ் கொடுக்கச் சட்டம் அதிகாரிக்கு 6 மாதம் தருகிறது. காரணம் எழுதி மேலும் 6 மாதம் நீட்டவும் இடமிருக்கிறது. இயந்திர உதிரிபாகம் அதுவரை கிடங்கில் கிடந்துவிடும். கடலில் பல வாரம் பயணம் செய்து வந்து இறங்கிய பழம் கிடக்காது. இந்த இடைவெளியை நிரப்பத்தான் 110ஏ என்ற பிரிவு இருக்கிறது. கைப்பற்றிய சரக்கை, இறுதி உத்தரவு வரும்வரை, பிணைப் பத்திரமும் பாதுகாப்புத் தொகையும் வாங்கிக்கொண்டு உரிமையாளரிடம் தற்காலிகமாக விடுவிக்கலாம் என்று அது சொல்கிறது. அந்த அதிகாரம் வழக்கைத் தீர்மானிக்கப்போகும் சுங்க அதிகாரியிடமே இருக்கிறது. ஆகவே முதலில் தட்ட வேண்டிய கதவு அதே சுங்க அலுவலகம். நீதிமன்றம் அதற்கு அடுத்தது.

இதைச் சொன்னால் பலர் ஏமாற்றமடைகிறார்கள். "அவர்கள்தானே பிடித்தார்கள், அவர்களிடமே போய்க் கேட்பதா?" என்கிறார்கள். கேட்டே ஆக வேண்டும். எழுத்தில் கேட்டு, பெற்றுக்கொண்டதற்கு முத்திரையுடன் நகல் வாங்க வேண்டும். அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் போடும்போது, "இந்த அதிகாரி செய்ய வேண்டியதைச் செய்யவில்லை, செய்யச் சொல்லுங்கள்" என்பதே உங்கள் கோரிக்கை. நீங்கள் கேட்கவே இல்லை என்றால், அவர் செய்யவில்லை என்று எப்படிச் சொல்ல முடியும்? அரசு வழக்கறிஞர் எழுந்து, "மனுதாரர் எங்களிடம் விண்ணப்பமே கொடுக்கவில்லை" என்று ஒரே வாக்கியம் சொன்னால் போதும். உங்கள் அவசரம் அங்கேயே தணிந்துவிடும். கைப்பற்றிய நாளிலேயே விண்ணப்பம் கொடுத்தவரின் அவசரத்தை நீதிபதி நம்புவார். இருபது நாள் சும்மா இருந்துவிட்டு இருபத்தொன்றாம் நாள் "பழம் அழுகுகிறது" என்று வருபவரைப் பார்த்து, "இதுவரை என்ன செய்தீர்கள்?" என்று கேட்பார். கேட்டிருக்கிறார்கள்.

அந்த விண்ணப்பத்தில் என்ன எழுதுவது? தான் குற்றமற்றவர் என்று மாமா நான்கு பக்கம் எழுத விரும்புவார். அதை நோட்டீஸுக்கான பதிலில் எழுதிக்கொள்ளலாம். இங்கே எழுத வேண்டியது வேறு. ஒன்று, சரக்கின் தன்மை: என்ன பழம், எப்போது பறித்து எப்போது கப்பலேறியது, எந்தக் குளிரில் இருக்கிறது, இன்னும் எத்தனை நாள் தாங்கும். இதற்கு, சரக்கின் நிலையைப் பார்த்துச் சொல்லும் ஒரு சர்வேயரின் அறிக்கை வேண்டும். இன்னொன்று, பூசல் எவ்வளவு தொகையைப் பற்றியது என்பது. பேச்சுக்குச் சொல்கிறேன்: நீங்கள் 40 லட்சம் என்று காட்டியிருக்கிறீர்கள், துறை 60 லட்சம் என்கிறது. அப்படியானால் சண்டை 20 லட்சத்துக்கான வரியைப் பற்றியது. அதற்கு வங்கி உத்தரவாதமும், சரக்கின் முழு மதிப்புக்குப் பிணைப் பத்திரமும் தரத் தயார் என்று முதல் விண்ணப்பத்திலேயே எழுதிவிடுங்கள். தயக்கத்தோடு எழுதிய விண்ணப்பத்துக்குத் தயக்கத்தோடுதான் பதில் வரும்.

இதில் மிக வலுவான வாதம் ஒன்று இருக்கிறது. பலரும் அதைச் சொல்லாமல் விட்டுவிடுகிறார்கள். இறக்குமதிக்குத் தடையில்லாத சரக்கு பறிமுதலுக்கு உரியது என்றே முடிவானாலும், அபராதம் கட்டி மீட்டுக்கொள்ளும் வாய்ப்பை உரிமையாளருக்கு அதிகாரி கொடுத்தாக வேண்டும் என்று 125-ஆம் பிரிவு சொல்கிறது. அதாவது உங்கள் மாமா வழக்கில் தோற்றாலும் பழம் அவரிடமே திரும்பும். பணம் மட்டும் கூடுதலாகப் போகும். வென்றாலும் அவருக்கு, தோற்றாலும் அவருக்கு என்று இருக்கும் பழத்தை நடுவில் அழுகவிடுவதால் யாருக்கு என்ன லாபம்? அரசுக்கு வரவேண்டிய வரிக்கும் அபராதத்துக்கும் உத்தரவாதம் கிடைத்துவிட்ட பிறகு, பழத்தைப் பிடித்து வைத்திருப்பதால் கருவூலத்துக்கு ஒரு ரூபாய்கூட வரப்போவதில்லை. இந்த வாதத்தைக் கேட்டுவிட்டு, சரி விடுங்கள் என்று சொன்ன அதிகாரிகளையும் நான் பார்த்திருக்கிறேன். எல்லா அலுவலகமும் பிடிவாதமானது என்று நினைத்துக்கொண்டு போக வேண்டாம்.

சில நாட்களில் பதில் வரவில்லை, அல்லது கட்டவே முடியாத நிபந்தனையோடு வந்தது என்றால் மதுரைக்குப் போக வேண்டும். என் சீனியரின் காலத்தில் அவசர மனு என்றால் கட்டைத் தூக்கிக்கொண்டு முத்துநகர் எக்ஸ்பிரஸில் சென்னைக்கு ஏறுவார்கள். 2004 ஜூலையில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை திறந்த பிறகு, தெற்கு மாவட்டங்களில் அழுகும் சரக்கு வைத்திருப்பவனுக்குக் கிடைத்தது முழுதாக இரண்டு நாள். காலையில் நீதிபதி முன் அவசரத்தைக் குறிப்பிட்டு அனுமதி பெற்றால், அன்று மதியமே லஞ்ச் மோஷனாக, அதாவது மதிய இடைவேளையை ஒட்டி விசாரிக்கும் அவசர மனுவாக, எடுத்துக்கொள்வார்கள். அதற்கு சர்வேயர் அறிக்கையும், பெட்டகத்தின் வெப்பநிலைப் பதிவும், நீங்கள் கொடுத்த விண்ணப்பத்தின் முத்திரையிட்ட நகலும் கையில் இருக்க வேண்டும். "அழுகும் பொருள்" என்ற இரண்டு சொற்களை மட்டும் நம்பிப் போகாதீர்கள். ஆரஞ்சு திராட்சையைவிடத் தாங்கும், ஆப்பிள் ஆரஞ்சைவிடத் தாங்கும் என்பது நீதிபதிக்கும் தெரியும்.

இங்கே ஒரு பழைய வழக்கைச் சொல்லியாக வேண்டும். தொழிலுக்கு வந்து நான்கைந்து ஆண்டுகள் ஆகியிருந்த சமயம். ஒரு வியாபாரியின் திராட்சைப் பெட்டகத்தை ஒரு துறை பிடித்து வைத்திருந்தது. ரிட் போட்டேன். "மனுதாரரின் விண்ணப்பத்தைப் பரிசீலித்து நான்கு வாரத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க வேண்டும்" என்று தீர்ப்பு வந்தது. வெற்றி என்று நினைத்து வெளியே வந்து அவருக்குத் தொலைபேசியில் சொன்னேன். அவர் ஒரு நிமிடம் பேசவில்லை. பிறகு, "சார், பழத்துக்குப் பத்து நாள்தான் இருக்கிறது" என்றார். நான்கு வாரம் என்பது நீதிமன்றத்தில் வழக்கமாகப் போடும் காலம். யாரும் தீய எண்ணத்தில் போடவில்லை. ஆனால் குறைத்துக் கேட்க வேண்டியது என் வேலை, நான் கேட்கவில்லை. இருபத்தாறாம் நாள் விடுவிப்பு உத்தரவு வந்தது. பெட்டகத்தைத் திறந்தபோது அடித்த வாடை இன்றும் எனக்கு மறக்கவில்லை. அன்றிலிருந்து அழுகும் சரக்கு எதுவானாலும் மனுவின் கோரிக்கையிலேயே நாட்களை எழுதிவிடுகிறேன். "மூன்று வேலை நாட்களுக்குள்" என்றோ, "வரும் வெள்ளிக்கிழமைக்குள்" என்றோ எழுதுகிறேன். உங்கள் வழக்கறிஞர் என்ன எழுதியிருக்கிறார் என்று கையெழுத்துப் போடும் முன் பாருங்கள். 'பரிசீலிக்க' என்ற சொல் மட்டும் இருந்தால், 'விடுவிக்க' என்ற சொல்லையும் சேர்க்கச் சொல்லுங்கள். பரிசீலித்துவிட்டு மறுக்கவும் அவர்களுக்கு வழி இருக்கிறது.

நீதிமன்றம் என்னென்ன நிபந்தனை விதிக்கும் என்பதில் உறுதியாக ஒரு கணக்குச் சொல்ல முடியாது. மத்திய மறைமுக வரிகள் வாரியம் 2017-ல் வெளியிட்ட சுற்றறிக்கை, முழு மதிப்புக்குப் பிணைப் பத்திரமும், கூடுதல் வரியோடு பின்னால் விதிக்கக்கூடிய அபராதத் தொகைக்கும் சேர்த்துப் பாதுகாப்பும் வாங்கச் சொல்கிறது. அதிகாரிகள் அதைப் பிடித்துக்கொள்வார்கள். அந்தச் சுற்றறிக்கையால் தங்கள் கை கட்டப்படவில்லை என்று கருதி, கூடுதல் வரியில் ஒரு பங்கை மட்டும் ரொக்கமாகக் கட்டச் சொல்லி மீதிக்குப் பத்திரம் போதும் என்று சொன்ன நீதிபதிகளும் உண்டு. ஒரே வகைச் சரக்குக்கு இரண்டு நீதிபதிகள் இரண்டு விதமாக விதித்ததை நான் கண்டிருக்கிறேன். "கண்டிப்பாக இத்தனை சதவீதத்தில் முடித்துத் தருகிறேன்" என்று யாராவது சொன்னால் அவரை நம்பாதீர்கள்.

விலை பற்றிய சந்தேகம் மட்டும்தான் என்றால் கைப்பற்றவே தேவையில்லாத வழி ஒன்றும் சட்டத்தில் இருக்கிறது. 18-ஆம் பிரிவின்படி வரியைத் தற்காலிகமாக மதிப்பிட்டு, பத்திரம் வாங்கிக்கொண்டு சரக்கை அனுப்பிவிட்டு, விலையைப் பிறகு நிதானமாக விசாரிக்கலாம். உங்கள் மாமாவின் வழக்கில் போலி இன்வாய்ஸ், இரட்டைக் கணக்கு என்று ஏதாவது கிடைத்திருந்தால் துறை இதற்கு ஒப்பாது. வெறும் ஒப்பீட்டு விலையை வைத்துத்தான் பிடித்தார்கள் என்றால் இதையும் மாற்றுக் கோரிக்கையாகச் சேர்க்கலாம். எது நடந்தது என்பது மகஜரைப் பார்த்தால்தான் தெரியும்.

அடுத்துச் சொல்லப்போவதை எந்தக் கட்சிக்காரரும் விரும்பிக் கேட்டதில்லை. விடுவிப்பு கிடைக்காது என்று தோன்றினால், விற்றுவிடச் சொல்லி நீங்களே கேளுங்கள். அழுகும் தன்மையுள்ள சரக்கு என்று மத்திய அரசு அறிவித்த வகைகளைக் கைப்பற்றியவுடனேயே அப்புறப்படுத்தச் சுங்கச் சட்டம் இடம் தருகிறது. அதற்கு முன் பட்டியல் எடுத்து, படம் பிடித்து, மாதிரி எடுத்து, மாஜிஸ்திரேட்டிடம் சான்று வாங்க வேண்டும். அந்தப் பட்டியலும் படங்களும் மாதிரியுமே பின்னால் வழக்கில் சாட்சியமாக நிற்கும். ஆகவே "பழமே சாட்சியம், அதை விட முடியாது" என்ற வாதத்துக்குச் சட்டத்தில் இடமில்லை. ஏலத்தில் மண்டி விலை கிடைக்காது, பாதிகூடக் கிடைக்காமல் போகலாம். ஆனால் வந்த பணம் அழுகாது. வழக்கில் வென்றால் அந்தப் பணம் உங்களுக்கு வரும். அரசு விற்க முன்வரும்போது பிடிவாதமாக எதிர்த்து நின்று, கடைசியில் குப்பைக்கிடங்குக்கு வண்டி வாடகையும் கொடுத்தவர்களை எனக்குத் தெரியும். உரிமையாளரின் முன்னிலையில் ஏலம், குறைந்தபட்ச விலை நிர்ணயம், தொகையைத் தனிக் கணக்கில் வைப்பது ஆகிய மூன்றையும் நீதிமன்றத்தில் கேட்டு வாங்குங்கள்.

இனி, விடுவிப்பே கிடைக்காத இடம் எது என்பதையும் சொல்லிவிடுகிறேன். சரக்கு தடைசெய்யப்பட்டது என்றால், அழுகும் என்ற காரணம் உங்களைக் காப்பாற்றாது. இதற்கு உச்ச நீதிமன்றத்தின் 2021 ஜூன் மாதத் தீர்ப்பு ஒன்று இருக்கிறது. ராஜ் க்ரோ இம்பெக்ஸ் வழக்கு என்பார்கள். பட்டாணி, பருப்பு வகைகளை ஆண்டுக்கு இவ்வளவுதான் கொண்டுவரலாம் என்று மத்திய அரசு அளவு வைத்திருந்தது. இறக்குமதியாளர்கள் ராஜஸ்தான் உயர் நீதிமன்றத்தில் இடைக்கால உத்தரவு வாங்கி, அந்த அளவுக்கு மேல் கொண்டுவந்தார்கள். அரசின் அறிவிப்புகள் செல்லும் என்று உச்ச நீதிமன்றம் 2020 ஆகஸ்டில் சொல்லிவிட்டது. அதற்குப் பிறகும், அபராதம் வாங்கிக்கொண்டு விடுவிக்கலாம் என்று சுங்க அதிகாரி உத்தரவிட்டார். பம்பாய் உயர் நீதிமன்றமும் விடச் சொன்னது. உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. அளவுக்கு மேல் வந்தது தடைசெய்யப்பட்ட சரக்கே, அதை அபராதத்தோடு விட்டால் உள்நாட்டு விவசாயியைக் காக்கப் போட்ட கட்டுப்பாட்டுக்கே பொருளில்லை என்று கூறி, அது முழுமையாகப் பறிமுதலுக்கு உரியது என்றது; அபராதம் கட்டி மறுபடி வெளிநாட்டுக்கு அனுப்ப மட்டும் இடம் விட்டது. இடைக்கால உத்தரவு கையில் இருக்கிறது என்பதற்காக முதலீட்டைக் கப்பலேற்றுவது எவ்வளவு ஆபத்து என்பதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு எனக்குத் தெரியாது. உங்கள் மாமாவின் ஆரஞ்சுக்கு அப்படித் தடை இருப்பதாக நீங்கள் எழுதியதிலிருந்து தெரியவில்லை. ஆனால் பயிர்ப் பாதுகாப்புத் தனிமைப்படுத்தல் நிலையத்தின் அனுமதியும் உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் அனுமதியும் வந்துவிட்டனவா என்று பாருங்கள். அவை இல்லாமல் உயர் நீதிமன்றமே உத்தரவு போட்டாலும் பெட்டகம் வாசலைத் தாண்டாது. சுங்கத்தோடு சண்டை போடும் பரபரப்பில் இந்த இரண்டையும் மறந்துவிட்டு, உத்தரவு கிடைத்த பிறகு நான்கு நாள் வீணாக்கியவர்கள் இருக்கிறார்கள்.

இப்போது உங்கள் இரண்டாவது கேள்வி: அழுகினால் அரசு தருமா? உங்களுக்குச் சொன்னவர் முழுப் பொய் சொல்லவில்லை. ஆந்திரத்தில் உரமும் தானியமும் விற்ற நாகேந்திர ராவ் நிறுவனத்தின் சரக்கை 1975 ஆகஸ்டில், அத்தியாவசியப் பொருட்கள் சட்டத்தின்கீழ் கைப்பற்றினார்கள். உரத்தை வேளாண்மை அதிகாரி ஒருவரிடம் ஒப்படைத்து உடனே விவசாயிகளுக்கு விநியோகிக்க வேண்டும் என்று உத்தரவானது. அவர் எதுவும் செய்யவில்லை. உரம் கெட்டுப்போகிறது, விற்றுவிடுங்கள் அல்லது எங்களிடமே கொடுங்கள் என்று உரிமையாளர் மனு மேல் மனு கொடுத்தார். பின்னால் சரக்கைத் திரும்பப் பெறப் போனபோது அது தரத்திலும் அளவிலும் கெட்டுக் கிடந்தது. நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டார். விசாரணை நீதிமன்றம் கொடுத்தது. உயர் நீதிமன்றம் மறுத்தது. உச்ச நீதிமன்றம் 1994-ல், அதிகாரிகளின் அலட்சியத்துக்கு அரசு பொறுப்பேற்க வேண்டும், இறையாண்மை என்று சொல்லித் தப்ப முடியாது என்று தீர்ப்பளித்தது. கைப்பற்றுவதற்கு அதிகாரம் உள்ளவனுக்கு, கைப்பற்றியதைக் கவனமாகப் பார்த்துக்கொள்ளும் கடமையும் உண்டு என்பதே அதன் சாரம். நான் மிகவும் மதிக்கும் தீர்ப்புகளில் இதுவும் ஒன்று.

ஆனால் ஆண்டுகளைப் பாருங்கள். 1975-ல் போன சரக்குக்கு 1994-ல் நியாயம். அது மட்டுமல்ல, அந்த மனுக்கள் இல்லாதிருந்தால் அவர் வென்றிருக்க மாட்டார் என்பது என் கருத்து. அலட்சியம் என்று நிரூபிக்க, "கெடுகிறது" என்று எச்சரித்த தாள் வேண்டும். எதிர்ப்பக்கத்திலும் ஒரு பழைய தீர்ப்பு இருக்கிறது. 1947-ல் மீரட்டில் ஒரு நகை வியாபாரியிடம் போலீஸ் கைப்பற்றிய தங்கத்தோடு தலைமைக் காவலர் பாகிஸ்தானுக்கு ஓடிவிட்டார். கஸ்தூரிலால் வழக்கு என்ற அதில், அரசு பொறுப்பல்ல என்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் சொன்னார்கள். நாகேந்திர ராவ் வழக்கைத் தீர்த்தது அதைவிடச் சிறிய அமர்வு. கஸ்தூரிலாலை அது மிகவும் சுருக்கிவிட்டதே தவிர, நேரடியாகத் தூக்கியெறியும் அதிகாரம் அதற்கு இல்லை. அரசு வழக்கறிஞர்கள் இன்றும் அந்தப் பழைய தீர்ப்பை எடுத்து நீட்டுகிறார்கள். மறுபக்கம், ஜூனாகத்தில் கைப்பற்றிய லாரிகளை மேல்முறையீடு நிலுவையில் இருந்தபோதே கேட்பாரற்றவை என்று விற்றுவிட்ட வழக்கில், கைப்பற்றிய அரசு, பிறர் பொருளைப் பொறுப்பில் வாங்கி வைத்திருப்பவனைப் போல அவற்றைப் பாதுகாத்திருக்க வேண்டும் என்று 1967-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆகவே வாதாட வலு இருக்கிறது. உறுதி என்று மட்டும் சொல்ல மாட்டேன். அதிகாரி சட்டப்படி கைப்பற்றி, நியாயமான வேகத்தில் செயல்பட்டு, அப்படியும் பழம் கெட்டது என்றால், நஷ்டஈடு கிடைப்பது மிகக் கடினம். உரிமையியல் வழக்குப் போடுவதற்கும் முன்கூட்டியே இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும். காப்பீட்டையும் நம்ப வேண்டாம். வழக்கமான கடல்வழிச் சரக்குக் காப்பீடு, தாமதத்தால் வரும் கேட்டையும் அரசு பிடித்துவைப்பதால் வரும் இழப்பையும் விலக்கியே எழுதப்பட்டிருக்கும்.

பழம் போனால்கூடத் தாங்கிக்கொள்ளலாம், வாடகைதான் ஆளைத் தின்றுவிடும் என்று எங்கள் ஊரில் பழம் கொண்டுவருபவர்கள் சொல்வார்கள். குளிர்சாதனப் பெட்டகத்துக்கு மின்சார பிளக் கட்டணம், கிடங்கு வாடகை, கப்பல் நிறுவனத்தின் பெட்டக வாடகை என்று நாள்தோறும் ஏறிக்கொண்டே இருக்கும். சுங்கம் கைப்பற்றிய சரக்குக்குக் கிடங்குக்காரர் வாடகை கேட்கக் கூடாது என்று 2009-ஆம் ஆண்டு ஒழுங்குமுறையில் ஒரு விதி இருக்கிறது. அதற்காகச் சுங்கத்திடம் சான்று கேட்டு வாங்குங்கள். ஆனால் துறைமுகம் தன் சட்டப்படி கேட்கும் தாமதக் கட்டணத்தை, பிடித்தது சுங்கத்தின் தவறாகவே இருந்தாலும், இறக்குமதியாளர் கட்டத்தான் வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் மீண்டும் மீண்டும் சொல்லியிருக்கிறது; 2017-ல் மும்பைத் துறைமுக வழக்கிலும் சொன்னது. எந்தக் கட்டணம் எதில் அடங்கும் என்பது இன்னும் முழுதாகத் தெளிவாகாத இடம். சான்று கையில் இருந்தால் பேரம் பேசவாவது முடியும்.

உங்கள் கேள்வியின் கீழே இன்னொருவர், வழியில் மடக்கப்பட்ட லாரியைப் பற்றிக் கேட்டிருந்தார். அவருக்குச் சுருக்கமாக: ஜிஎஸ்டி அதிகாரிகள் பிடித்த சரக்குக்குக் கதவு வேறு. சோதனையில் கைப்பற்றிய அழுகும் பொருள் என்றால், அதன் சந்தை விலை அல்லது வரி, வட்டி, அபராதம் சேர்ந்த தொகை, இவற்றில் எது குறைவோ அதைக் கட்டியவுடன் விடுவிக்க வேண்டும் என்று மத்திய ஜிஎஸ்டி விதி 141 சொல்கிறது. போக்குவரத்தில் பிடித்தது என்றால் 129-ஆம் பிரிவு பொருந்தும். அபராதம் கட்டினால் சரக்கு வரும், கட்டாவிட்டால் விற்பதற்கான 15 நாளை அழுகும் பொருளுக்கு அதிகாரி இன்னும் குறைக்கலாம். போலீஸ் கைப்பற்றியது என்றால் பகுதி மாஜிஸ்திரேட்டிடம் போக வேண்டும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497, 503 ஆகிய பிரிவுகளில் மனு போட்டால் விடுவிக்கவோ விற்கவோ அவர் உத்தரவிடலாம். பொருட்களைக் காவல் நிலையத்தில் 15 நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் போட்டு வைக்கக் கூடாது என்று சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ரேஷன் அரிசி போன்ற அத்தியாவசியப் பொருள் என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போய்ப் பயனில்லை. அது மாவட்ட ஆட்சியரின் அதிகாரம். அங்கே சரக்கு கைக்கு வருவது அரிது, விற்ற பணம்தான் பேச்சு.

உங்கள் மாமாவுக்கு மறுபடியும் வருகிறேன். நாளைக் காலையில் 110ஏ விண்ணப்பம் போக வேண்டும்; நேரில் ஒரு நகல், மின்னஞ்சலில் ஒரு நகல். பெட்டகத்தின் வெப்பநிலைப் பதிவைக் கைப்பற்றிய நாளிலிருந்து எடுத்துத் தரச் சொல்லிக் கப்பல் நிறுவனத்துக்கு இன்றிரவே எழுதுங்கள். நாள் கடந்தால் கேட்டு வாங்குவது கடினமாகும். இரண்டு பெட்டகங்களையும் சர்வேயர் பார்ப்பதற்குச் சுங்கத்தின் அனுமதி வேண்டும். அந்த அனுமதியையும் அதே விண்ணப்பத்தில் கேட்டுவிடுங்கள். விண்ணப்பம் கொடுத்து மூன்று வேலை நாளில் பதில் இல்லை என்றால், நான்காம் நாள் காலை மதுரையில் மனு பதிவாகியிருக்க வேண்டும். வங்கி உத்தரவாதம் தயாராகவே சில நாள் ஆகும் என்பதால், வங்கி மேலாளரிடம் பேசுவதை உத்தரவு வரும்வரை தள்ளிப்போட வேண்டாம். மகஜர் நகலில் பெயர்களை மறைத்துவிட்டு, கைப்பற்றியதற்கான காரணம் எழுதியிருக்கும் பத்தியை மட்டும் இங்கே எழுதினால், 18-ஆம் பிரிவு பொருந்துமா என்று பார்த்துச் சொல்கிறேன்.